சாக்கு எடை

வீரவநல்லூர் மூன்றாம் நம்பர் ரேஷன் கடையில்
பதினோரு வருஷமாய் அரிசி நிறுக்கிறேன்.
மூட்டை ஐம்பது கிலோ என்று இறக்கிவிட்டுப் போவார்கள்.
சாக்கு அறுநூறு கிராம். கழிக்க வேண்டும்.
மறந்தால் தணிக்கையில் என் சம்பளத்தில் கழியும்.

அதே தராசில்
கடை சாத்தியபின் ஒருநாள் ஏறி நின்றேன்.
எண்பத்தேழு இருநூறு.
சிவப்பு எண்கள் கொஞ்சம் நடுங்கி நின்றன.
எதைக் கழிக்க?
சேலை, தாலிக்கொடி, வளையல், சரி போகட்டும்.
மற்றதில் எது சாக்கு, எது அரிசி?

இரண்டு பிள்ளை சுமந்த வயிறு
கீறித் தைத்த தடத்தின் கீழே மடிந்து கிடக்கிறது.
மூட்டை நகர்த்தி நகர்த்தி
என் தோள் என் தம்பி தோளைவிடப் பெரிது.
ஜாக்கெட் தைக்கும் ஆறுமுகக்கனி
இஞ்ச் டேப்பைச் சுற்றிப் பிடித்து
"போன தடவைக்கு ஒண்ணரை கூட, மைனி" என்று
சாவுச் செய்தி மாதிரி குரலைத் தாழ்த்துவாள்.
"சத்தமாச் சொல்லுளா, துணி பத்தணும்லா."

ஆஸ்பத்திரிக்குப் புதிதாய் வந்த டாக்டரம்மா
என்னைவிட இளையவள், என்னைவிடக் களைத்தவள்.
திட்டவில்லை.
சீட்டில் ஏழு புள்ளி எட்டைச் சுற்றி வட்டம் போட்டாள்.
"இது எடை இல்லக்கா. இது ரத்தம்."

அதிலிருந்து நடக்கிறேன்.
விடியுமுன், கன்னடியன் கால்வாய்க் கரையில்,
மைதீன் பாத்துவும் நானும்.
அவள் ஈர்க்குச்சி. அவளுக்கும் சக்கரை.
முதல் வாரம் எனக்கு அதுதான் பெரிய சந்தோஷம்,
பொய் சொல்வானேன்.

மகன் கழித்துப் போட்ட ஷூ.
பாலத்தில் உட்கார்ந்து பல் தேய்ப்பவர்கள்
பார்ப்பார்கள். பார்க்கட்டும்.
தொடையோடு தொடை உரசிப் புண்ணாகும்,
தேங்காயெண்ணெய் தடவிக்கொள்வேன்.
நடக்கச் சொல்கிற எவரும்
இதைச் சொல்வதில்லை.

சோற்றைப் பாதியாக்கினேன், கீரையை இரட்டித்தேன்.
ஞாயிற்றுக்கிழமை உளுந்தஞ்சோற்றை மட்டும் விடவில்லை.
எள்ளுத் துவையலோடு, ஒரு அகப்பை, அளந்து.
அளக்க எனக்கா தெரியாது?

ஆறு மாதம் கழித்து ரத்தம் ஆறு புள்ளி ஒன்பது.
தராசு எண்பத்தைந்து எழுநூறு.
"இம்புட்டு நடந்தும் இவ்வளவுதானா?" என்றாள் மதினி.
இவ்வளவுதான்.
அம்பாசமுத்திரம் பஸ்ஸை இப்போது ஓடிப் பிடிக்கிறேன்.
முழங்கால் முனகுகிறது, ஆனால் கூடவே வருகிறது.

மாசக் கடைசி. பேரேட்டில்
கோதுமை, சீனி, பாமாயில் எழுதிக்கொண்டே வந்து
இருப்பு என்ற கட்டத்தில் பேனா ஒரு கணம் நிற்கிறது.
எண்பத்தைந்து எழுநூறும் இங்கேதான் இருக்கிறது,
வரவிலும் சேராமல் செலவிலும் சேராமல்.

நேற்று கால்வாயில் தண்ணீர் திறந்திருந்தார்கள்.
ஷூவைக் கரையில் விட்டு
முழங்காலளவு இறங்கி நின்றேன்.
என் அகலத்துக்கு இடம்விட்டு
இரண்டு பக்கமும் சுற்றிக்கொண்டு போனது தண்ணீர்.
கரையிலிருந்து பாத்து கத்தினாள்:
"நாளைக்கு மழை, முட்டுவலின்னு
சாக்குச் சொல்லப்பிடாது, கேட்டியா!"