ஓல்ட்ராய்ட் கேட்டுக்கொண்டிருக்கிறார்

லீட்ஸ் ஸ்டுடியோவின் கீழ்த்தளத்தில்
இருபத்தாறு வருடம் படம் வெட்டினேன்.
டெரிக் ஓல்ட்ராய்டை நான் வெட்டிய அளவுக்கு
வேறு யாரும் வெட்டியிருக்க முடியாது.

ஒன்பது முறை கான்ஸ்டபிள்.
நான்கு முறை பாதிரியார், அதில் ஒருவர் கொலைகாரர்.
ஒருமுறை பிணம்.
ஹம்பர் கழிமுகத்துச் சேற்றில், மார்ச் மாதக் குளிரில்,
மூச்சடக்கிக் கிடந்தவரின் இமை துடித்துவிட்டது.
துடிப்பை மட்டும் நறுக்கி எடுத்துவிட்டு
மீதியைச் சாகவிட்டேன்.

வசனம் என்று பார்த்தால்,
"கார் வந்துவிட்டது, சார்."
"இல்லை மேடம், நேற்றிரவு யாரும் வரவில்லை."
இதற்காக ஹாலிஃபாக்ஸிலிருந்து
இரண்டு பஸ் மாறி, விடியுமுன் வருவார்.
ஒப்பனை முடிந்து, தொப்பி மடியில்,
மத்தியானம் வரை நடைவழியில்
குறுக்கெழுத்துப் போட்டுக்கொண்டிருப்பார்.

கதாநாயகர்களைப் பற்றி நான் பேசக் கூடாது.
ஒரு டேக்கில் கிளாஸ் இடது கையில் இருக்கும்,
அடுத்ததில் வலது கையில்,
மூன்றாவதில் காலியாக.
துண்டும் துண்டும் ஒட்டாதபோது
நடுவில் செருக ஒரு முகம் வேண்டும்.
தொட்டிக்குள் கைவிட்டுத் துழாவுவேன்.
அங்கே
ஓல்ட்ராய்ட் கேட்டுக்கொண்டிருப்பார்.

அந்த ஷாட் எடுக்கும்போது
கதாநாயகர் பப்புக்குப் போயிருப்பார்.
எதிரே நின்று மிஸ் பாம்ஃபிரட்
சளி பிடித்த மூக்கோடு, சலவைக் கணக்கு வாசிப்பதுபோல்
வாசிப்பாள்: உன் மகன் கரை சேரவில்லை.
இவர் முகத்தில் அது
மெல்ல, படிப்படியாக,
கீழே இறங்கும்.

மூன்று வினாடி.
அந்த வருடம் பரிசு வாங்கியவரின்
மகத்தான மௌனம் என்று பத்திரிகைகள் எழுதினவே,
அது இவருடையது.
வாய்க்குத்தான் கூலி போட்டார்கள்.
காதுக்கு எந்த ஒப்பந்தத்திலும் கட்டம் இல்லை.

நியூசிலாந்தில் மறுஒளிபரப்பானதற்கு
மூன்று பவுண்ட் பதினெட்டு பென்ஸ் செக் வந்ததாம்.
சட்டம் போட்டுக் கழிப்பறையில் மாட்டியிருக்கிறார் என்று கேள்வி.
நான் போய்ப் பார்த்ததில்லை.

ஓய்வுக்குப் பிறகு ஒரே ஒருமுறை பார்த்தேன்,
கீத்லியில், உறைந்த மீன் விற்கும் வரிசையில்.
ஒரு பெண் அவரை மறித்து,
"உங்களை எனக்கு நன்றாகத் தெரியுமே.
எங்கள் பாய்லரைப் பழுது பார்த்தவர் நீங்கள்தானே?" என்றாள்.

ஓல்ட்ராய்ட் ஒரு கணம் யோசித்தார்.
"ஆமாம். இப்போது எப்படி ஓடுகிறது?"

அவள் சொல்ல ஆரம்பித்தாள்:
ராத்திரியில் தட்டுகிற சத்தம்,
நிற்காத சொட்டு,
மாமியார் அறையில் மட்டும் சூடேறாத ரேடியேட்டர்,
பிறகு மாமியார்,
பிறகு, குரல் தாழ்ந்து, வீட்டுக்காரர்.

தள்ளுவண்டியோடு பின்னால் நின்றிருந்தேன்.
அதே முகம். கேமரா இல்லை,
நனைந்த மழைக்கோட்டு மட்டும்.
பதினொரு நிமிடம் இருக்கும்.
எங்கே வெட்டலாம் என்று என் விரல்கள் தேடிக்கொண்டே இருந்தன,
வண்டியில் ஐஸ்கிரீம் உருகி
சக்கரத்தில் சொட்டும் வரை.