எட்டாவது றீல்

ஒட்டுசுட்டான் அரியகுட்டி
தலைமன்னாரில் கப்பலேறிக் கோடம்பாக்கம் போய்
பதினொரு வருசத்தில் பத்தொன்பது படம்.
ஆறு தரம் பொலிஸ், மூன்று தரம் கம்பவுண்டர்,
ஒரு தரம் பிணம்.
எழுத்தோட்டத்தில் 'மற்றும் பலர்' என்று வருமே,
அந்தப் பலரில் அவன்.

பிணமாய்க் கிடந்ததுதான் நீளமான வேடம்.
கதாநாயகி இரண்டு நிமிசம் மேலே விழுந்து அழ,
மாங்குளம் கொட்டகையின் மணல் தரையிலிருந்து ஒரு குரல்:
"டேய், மூச்சு விடுறானடா!"
அன்றைக்கு ஒருவரும் அழவில்லை.

நான் ஒப்பரேற்றர்.
சென்னையில் ஓடி, கொழும்பில் ஓடி,
யாழ்ப்பாணத்தில் தேய்ந்து
கடைசியாய் ரயிலில் எங்களிடம் வரும் பெட்டி.
உடம்பெல்லாம் கீறல், மழை பெய்கிற படம்.
அந்த வருசம் மாங்குளத்துக்கு வேறு மழை இல்லை.

தந்திக்காரன் வேடம் எட்டாவது றீலில்.
கதவு திறக்கும். "சார், தந்தி."
குரல்கூட அவனுடையதில்லை,
எங்கட பேச்சு ஒத்துவராதென்று
வேறொருவன் பேசியது.
ஆனால் நீட்டுமுன்னம்
வலக்கையைக் காற்சட்டையில் ஒருக்கால் துடைப்பான்.
ஆரும் சொல்லிக்கொடுத்திருக்க மாட்டார்கள்.
சேதி கெட்டதென்று
அந்தக் கைக்கு மட்டும் தெரியும்.

தமையன் கந்தப்பு
நெல் வண்டிலை வெளியே அவிழ்த்துவிட்டு
எட்டாவது றீலுக்குத்தான் உள்ளே வருவார்.
கை துடைத்ததும் எழும்பிப் போய்விடுவார்.
கதாநாயகன் ஆரென்று அவருக்குத் தெரியாது.

நாலாம் நாள் அதே இடத்தில் அறுந்தது.
வெட்டி ஒட்டினேன். மறுநாளும் அறுந்தது.
பிறகு கதவு, தந்தி, அவ்வளவுதான்.
கந்தப்பு அன்றிரவு எழும்பவில்லை,
முடியுமட்டும் இருந்தார்,
பின்னால் எங்கேயாவது வருமோ என்று.

வெட்டின துண்டு, பதினேழு கட்டம்,
பிறிஸ்டல் ரின்னுக்குள் கிடக்கிறது.
கொடுக்கத்தான் நினைத்தேன்.
கொடுத்தால் வெட்டினது ஆரென்று தெரிந்துவிடும்.

அறுபத்திமூன்று மாசி, சூடு மிதிக்கிற நேரம்.
தபாற்கந்தோர்ப் பெடியன் சைக்கிளில்
களத்துக்கே வந்தானாம்.
களத்தில் சில சொற்கள் ஆகாது,
அவனுக்கு அது தெரியாது.
"அண்ணை, தந்தி."
கந்தப்பு கை நீட்டவில்லை.
"துடைச்சுப்போட்டுத் தா" என்றாராம்.

பெடியன் துடைத்தானா என்பது
எனக்குச் சொன்னவனுக்கு ஞாபகமில்லை.