முதல்

கையெழுத்துப் போட்ட அன்று வங்கியில்
சாக்லேட் பெட்டி கொடுத்தார்கள், மேலே சிவப்பு ரிப்பன்.
மாதத் தவணை எவ்வளவு என்று வான் வைக் சொன்னது ஆங்கிலத்தில்.
என் காதில் அது தமிழாகி விழுந்தது:
பதின்மூன்றாயிரம் ராண்ட்தான்.
அந்தத் 'தான்'
இருபது வருட நீளம்.

வீடு கட்டுகிறோம் என்று தெரூஷாவிடம் சொன்னேன்.
நாலு வயது அவளுக்கு.
ஷால்க்ராஸ் சரிவில் காரை விட்டு இறங்கியதும்
சுற்றிப் பார்த்துவிட்டுக் கேட்டாள்,
"வீடு நிக்குதே, இன்னும் என்ன கட்டணும்?"

ஏழு வருடம் கழித்து
ராத்திரி மூன்று மணி, வார்டில்
பதினோராம் கட்டில் மட்டும் இருமிக்கொண்டிருக்க,
மேசை இழுப்பறையில் பீட்சா விளம்பரங்களோடு
பிரிக்காமல் கிடந்த வங்கிக் கடிதங்களை
பையில் போட்டுக்கொண்டு வந்திருந்தேன்.

வாங்கியது பன்னிரண்டு லட்சம்.
இதுவரை கட்டியது பத்து லட்சத்துத் தொண்ணூற்றிரண்டாயிரம்.
கடனில் குறைந்தது
ஒரு லட்சத்து அறுபத்திரண்டாயிரம்.

மருந்தளவு என்றால் இரண்டு பேர் சரிபார்க்க வேண்டும்.
சிஸ்டர் ம்கீஸேயைக் கூப்பிட்டுக் காட்டினேன்.
விரலால் ஒவ்வொரு வரியாகத் தொட்டு வந்தவள்
"ஹாவு" என்றாள்.
உம்லாசியில் அவளுக்கும் ஒரு வீடு.

முதல் என்றால் முந்தி வருவது என்று நினைத்திருந்தேன்.
எங்கள் பந்தியில் முந்தி உட்காருவது வட்டி.
அது உண்டு, ஏப்பம் விட்டு,
இலை எடுக்கும் நேரத்தில்தான்
முதலுக்கு ஒரு கரண்டி.
முதல் மாதப் பதின்மூன்றாயிரத்தில்
வீட்டுக்குப் போய்ச் சேர்ந்தது ஆயிரத்து இருநூற்றைம்பத்து நான்கு.
ஒரு குளியலறைக் கதவு,
தாழ்ப்பாள் தனி.

இன்றைய நிலவரம், நூற்றுக்குப் பதின்மூன்றரை.
அதாவது சமையலறை எங்களுடையது,
பின்வாசல் படி இரண்டும்.
படுக்கையறை வங்கிக்குச் சொந்தம்.
அதன் ஒழுகல் எங்களுக்கு.
குரங்குகள் ஓட்டைப் பெயர்த்துப் போட்ட ஞாயிறு
வான் வைக் ஏணி தூக்கி வரவில்லை.
ஏப்ரல் மழையில் சரிந்த பின்சுவர்,
காப்பீடு, நகராட்சி வரி,
இதெல்லாம் அந்த முப்பத்தொரு லட்சத்தில் சேராது.

ஆமாம், முப்பத்தொரு லட்சம்,
கடைசித் தவணை வரை கூட்டினால்.
அதுவும் வட்டி ஏறாமல் இருந்தால்.
செய்தியில் ரிசர்வ் வங்கி என்று கேட்டதுமே
குபேந்திரன் கிரிக்கெட்டுக்கு மாற்றிவிடுவான்.

விடியும் முன் இன்னொரு கணக்குப் போட்டேன்.
மாதம் ஆயிரம் கூடுதலாக,
முதலுக்கு என்று தெளிவாக எழுதிக் கட்டினால்
இருபத்துமூன்று மாதம் முன்னதாகவே முடியும்.
(தொடக்கத்திலேயே தெரிந்திருந்தால்
நாலு வருடத்துக்கு மேல். அதை அடித்துவிட்டேன்.
பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை.)
ஆயிரம் என்பது, வரி போக, எனக்கு
ஒரு கூடுதல் ராத்திரி.
நூற்று முப்பத்துமூன்று மாதம்,
நூற்று முப்பத்துமூன்று ராத்திரி.

பதினோராம் கட்டில் மணி அடித்தது, போனேன்.
தண்ணீர் கேட்டார். கொடுத்தேன்.
இந்த ராத்திரியை ஏற்கனவே விற்றாகிவிட்டது.

காலையில் அந்தத் தாளை ஃபிரிட்ஜில் ஒட்டினேன்.
ஃபிரிட்ஜ் எங்கள் பகுதியில்தானே இருக்கிறது.
குபேந்திரன் பல் துலக்கியபடி நின்று படித்தான்,
நுரை உலரும் வரை.
வாய் கொப்பளித்துவிட்டு வந்து
நூற்று முப்பத்துமூன்றை அடித்து
பக்கத்தில் அறுபத்தாறரை என்று எழுதினான்.
"கார் ஆலையிலும் சனிக்கிழமை ஓவர்டைம் இருக்கு" என்றான்.

அந்த அரை யாருடையது என்று
இன்னும் சண்டை ஓயவில்லை.