காலி எடை

காவேரிப்பட்டணம் சாலையில் மாங்கூழ் ஆலை.
வாசலில் எடைமேடை. கண்ணாடிக் கூண்டுக்குள் நான்.
சீசனில் பெங்களூரா ஏற்றிய லாரிகள் வரும்.
ஏறும்போது ஓர் எடை, இறக்கிப் போகும்போது காலி எடை.
கழித்தால் சரக்கு.
அவ்வளவுதான் என் உத்தியோகம்.

அறுபது டன் காய் உள்ளே போனால்
கூழ் எவ்வளவு, தோல் எவ்வளவு,
கொட்டை எந்தச் சுவரோரம் குவியும்,
எத்தனை நாளில் நாறும்
எல்லாம் தெரிந்தவள்தான்.

அறுபது ஜிபி விளையாட்டை
நாலரைக்குள் பிழிந்து வைத்திருக்கிறேன் என்று
முகம் தெரியாத ஒருவன் சொன்னபோது
மீதி எங்கே என்று கேட்கவில்லை.
என் டேட்டா நாளைக்கு ஒன்றரை ஜிபி.
மூன்றே நாள்.
கணக்கில் தவறில்லை.

இரவு பத்துக்கு விரியத் தொடங்கியது.
லேப்டாப்பின் விசிறி இரைந்தது, மடி சுட்டது,
தலையணை மேல் வைத்தேன்,
பிறகு வெறுந்தரையில்.
நடுவில் ஒரு வரி:
வைரஸ் காவலை அணைத்துவிடு, அது சும்மா குரைக்கும்.

"கேமராவை அந்தப் பக்கம் திருப்பும்மா, வண்டியை ஏத்திக்கிறேன்"
என்று ஒரு டிரைவர் சொல்லியிருந்தால்
செருப்பைக் கழற்றியிருப்பேன்.
இதற்குச் சரி என்று தட்டினேன்.

சொல்லப்போனால் விளையாட்டு நன்றாகவே ஓடியது.
அதுதான் இன்னும் உறுத்துகிறது.
மூன்று இரவு பனிமலையில் குதிரை விட்டேன்.
நான் அங்கே போயிருந்த நேரத்தில்
பிரவுசரில் மாட்டியிருந்த சாவிக்கொத்தை
எவனோ எடுத்துப் போயிருக்கிறான்.
ஒரு சத்தமில்லை.

நாலாம் நாள் பழையபேட்டையிலிருந்து ஷம்ஷாத்:
"ஆஸ்பத்திரிக்குன்னு கேட்டியே, ரெண்டாயிரம் அனுப்பினேன், போதுமாடி?"
என் படம், என் பெயர்,
வாக்கியத்துக்கு வாக்கியம் நான் போடும் "டீ".
எழுத்துப் பிழைகூட என்னுடையது.

அவள் போனிலிருந்தே
கடவுச்சொற்களை ஒவ்வொன்றாய் மாற்றினோம்.
லேப்டாப்பை முழுக்கத் துடைத்தோம்.
அண்ணன் கல்யாணப் படங்களும் அதோடு போயின,
வேறெங்கும் எடுத்து வைத்திருக்கவில்லை.
இரண்டாயிரத்தை இரண்டு சம்பளத்தில் கொடுத்தேன்.
வாங்கியபோது ஷம்ஷாத் எண்ணிப் பார்த்தாள்.
முன்பெல்லாம் எண்ணமாட்டாள்.

இப்போது, செய்தவன் கடையிலேயே
தள்ளுபடிக்குக் காத்திருந்து
முந்நூற்று நாற்பது ரூபாய்க்கு வாங்கிவிட்டேன்
அதே பனிமலையை.
அறுபதும் அறுபதாகவே இறங்குகிறது.
நாற்பது நாள் ஆகும். இன்றைக்குப் பதினேழு.
காவல் குரைத்தால் குரைக்கட்டும்.

அதுவரைக்கும் ஒரு குட்டி விளையாட்டு,
அதே கடையில், இலவசம், இருநூறு எம்பி.
ஒரு குளம், சில மீன்கள்.
இதை யாரும் பிழியவில்லை,
சிறிதாகவே பிறந்தது.

ஷம்ஷாத்தும் சேர்ந்திருக்கிறாள்.
நேற்று என் மீனைத் தின்றுவிட்டு
ஒரு வரி அனுப்பினாள்:
"நீதானா இது?"

எழுத்தில் பதில் போடவில்லை.
கூப்பிட்டேன்,
குரலைக் கேட்கட்டும் என்று.