கழிவு

கந்தப்பளைக்கு அவள் வந்த தை மாதம்
கொழுந்தெல்லாம் உறைபனியில் கருகிக் கிடந்தது.
ஒல்லாந்துக்குத் தத்துப்போன என் அக்கா.
அங்கே பெயர் மரைக்கெ.
மூக்கு மட்டும் அம்மாவுடையது.

போனில் காட்டினாள்:
பிராத்திஸ்லாவா, பதினெட்டாம் இடம்.
ஹெல்சிங்கி, இருபத்திரண்டு.
ஒருமுறை பதினொன்று.
அதை ரெண்டு தரம் காட்டினாள்.

நீல உடுப்பு. எங்கள் வீட்டுக் கறுப்புக் கால்கள்
அந்தரத்தில் மூன்று சுற்று சுற்றி
விழுகின்றன.
விழுந்தால் ஒரு புள்ளி கழிப்பார்களாம்.

"ஈரக் கொழுந்தென்றால் எங்களுக்கு ரெண்டு கிலோ"
என்றேன். மொழிபெயர்க்க வந்த பையன் சிரித்தான்.
அவள் சிரிக்கவில்லை.
யார் கழிப்பது, எந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பார்
என்று கேட்டாள்.
தராசடிக்குக் கூட்டிப்போய்க் காட்டினேன்.

மறுநாள் விடியலில்
பீலிக்குப் போகும் புல்லெல்லாம் வெள்ளை.
செருப்பில்லாமல் குடத்தோடு நான் இறங்கினேன்.
பின்னால் வந்தவள்,
எத்தனையோ நாட்டுப் பனியில் நின்றவள்,
மூன்றாம் எட்டில் சறுக்கி உட்கார்ந்தாள்.

கைகொடுக்கப் போனேன். வேண்டாமென்று
தானே எழுந்தாள்.
புல்லொட்டிய கைகளை அகல விரித்து
தலை நிமிர்ந்து நின்றாள்,
எங்கோ பாட்டு இன்னும் முடியாததுபோல.

மேல்லயத்து நாய் குரைத்தது.

பிறகு குடத்தைக் கேட்டாள்,
எந்தப் பாஷையிலும் இல்லை,
கையை நீட்டி.