பெயர்க் கட்டம்

தேவகோட்டை கோர்ட்டில்
கூண்டேறி நின்ற சேவுகன் செட்டியாரிடம்
பேத்தி பெயர் என்ன என்று கேட்டார்
எங்கள் வக்கீல்.

வாய் திறந்தது. மூடியது.
துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.
“பிள்ளைங்க… எங்க மக பெத்தது” என்றார்.

“பெயரே தெரியாதவர் கேட்கிறார் ஐயா,
மாதம் இரண்டு சனிக்கிழமை”
என்று வக்கீல் திரும்பியபோது
சிரித்தவர்களில் என் கணவரும் இருந்தார்.

எனக்குத் தெரியும்.
சோலையம்மை அவர் மனைவியின் பெயர்.
நாற்பத்தொரு வருடம்
ஒருமுறைகூட நாவில் ஏறாதது.
அவள் போன பிறகும் படத்தோடு
“இங்க பாரு” என்றே பேசுகிறவர்.
பேர் வைத்த அன்று அண்ணன்தான் சொன்னான்:
இனி எப்படிக் கூப்பிடுறாருன்னு பாப்போம்.

அண்ணனும் அண்ணமிண்டியும்
திருமயம் தாண்டி லாரிக்கு அடியில் போன பின்
அந்த வேடிக்கையைச் சொல்ல
நான் ஒருத்திதான் மிச்சம்.
சொல்லவில்லை.

காப்பாளர் நான் என்றானது.
இரண்டு கேட்டவருக்கு ஒன்று:
இரண்டாம் சனிக்கிழமை, பத்து முதல் பன்னிரண்டு.

சமரச மைய அறையில்
பல் விழுந்த இடத்தை அவருக்குத் திறந்து காட்டுகிறாள்.
வெள்ளரிப் பிஞ்சு நறுக்கி வந்திருக்கிறார்,
உப்பைத் தனியாக மடித்து.

மணி ஆனதும் டபேதார் ரெஜிஸ்டரை நீட்டுகிறார்.
நேரம் போடுகிறார். கையெழுத்துப் போடுகிறார்.
‘மைனர் பெயர்’ கட்டத்தை விட்டுவிட்டு
முகம் பார்க்காமல்
பேனாவை என்னிடம் தருகிறார்.

எழுதுகிறேன், ஒவ்வொரு எழுத்தாக.
இன்னும் நாலு துண்டு
மிச்சமிருக்கிறது டப்பாவில்.