மழலை பேசிய கோள்

விடிய இன்னும் இரண்டு மணி நேரம்.
பர்னபியில் மழை
நேற்று விட்ட வாக்கியத்தைத் தொடர்கிறது.
பிளைவுட் கிடங்காய் இருந்த ஸ்டூடியோவில்
எட்டு வயது லெஸ்யா
என் நாற்காலியில் இரண்டு தலையணை போட்டும்
கண்ணாடியில் பாதி முகம்தான்.

கழுத்தில் ஆறு செவுள்கள் ஒட்ட வேண்டும்.
பசை காயும்வரை சிரிக்கக் கூடாது.
கூடாது என்பதாலேயே
பஞ்சைப் பார்த்தாலும் சிரிக்கிறாள்.
நான்காவது செவுளை
மூன்று முறை ஒட்டினேன்.

கதைப்படி
நீர்க்கோளின் தூதுவர் மகள். வயது முந்நூறு.
சட்டப்படி
தினம் மூன்று மணி நேரம் பாடம்.
விண்கலத்து என்ஜினுக்குப் பின்னால்
கவிழ்த்த பெட்டியில் பின்னம் கூட்டுகிறாள்.
ஏழில் மூன்றும் ஏழில் இரண்டும்.
கதிர்த்துப்பாக்கியோடு எட்டிப் பார்த்த பகைவன்
"ஐந்து" என்கிறான்.
"ஏழில் ஐந்து."
தலை நிமிரவில்லை அவள்.

காட்சி நாற்பத்தொன்று. கலம் அதிர வேண்டும்.
அதிர்வது கேமரா மட்டும்;
மற்றவர்கள் ஒரே பக்கமாய்ச் சாயப் பழகியவர்கள்.
அந்தச் சாய்வில் விழுந்தது
மேல்வரிசையில் ஒரு பால்பல்.

உள்ளங்கையில் ஏந்திக் காட்டினாள்:
"காலையிலிருந்தே ஆடிச்சு."
அழப் போனவள் வில்மாதான்,
காட்சிக்குக் காட்சி தொடர்ச்சி பார்ப்பவள்.
கதையில் கழிந்தது பதினோரு நிமிடம்;
அதற்குள் முந்நூறு வயதுக்குப் பல் விழலாமா?

பொய்ப்பல் செய்தேன். பொருந்தியது.
ஆனால் ஸோஸ்ரா என்ற அவள் கோள்
தோத்ரா ஆயிற்று.
ஏழு டேக். ஏழிலும் தோத்ரா.
பசியிலிருந்த இயக்குநர்
"அங்கே எல்லாரும் அப்படித்தான் பேசுவாங்க"
என்று சாப்பிடப் போய்விட்டார்.

அடுத்த வாரம் தூதுவர், தளபதி,
செவுள் வைத்த நாற்பது துணை நடிகர்கள்,
ஆறடி உயரத் தாடிக்காரர்கள்,
சுவரோரம் நின்று மழலை பயின்றார்கள்.
லெஸ்யா நடுவில் நின்று திருத்தினாள்.

பல்லைத் தலையணைக்கடியில் வைத்திருந்தாள்,
வீட்டுத் தலையணை அல்ல, என் நாற்காலியுடையது.
அப்போதுதான் புழக்கத்துக்கு வந்திருந்த
இரண்டு டாலர் நாணயத்தை வைத்தேன்.
வெள்ளி வளையம், உள்ளே பொன்வட்டம்.
திருப்பித் திருப்பிப் பார்த்துக் கேட்டாள்:
"இது எந்தக் கோளோட காசு?"

மார்ச்சில் புதுப்பல் முளைத்தது.
ஸ தெளிவாய் வந்தது.
"கொஞ்சம் கெடுத்துச் சொல்" என்றார்கள்.
கெடுத்துச் சொன்னாள், சம்பளத்துக்கு.

இரண்டாம் ஆண்டு நடுவில் தொடரை நிறுத்தினார்கள்.
கடைசியாகச் செவுள் உரித்த இரவு
அவள் அம்மா காரில் ஹாரன் அடித்துக்கொண்டிருந்தாள்.
கழுத்தெல்லாம் சிவப்பு.
எண்ணெய் தடவிக்கொண்டிருந்தேன்.
"தரி, போறேன்" என்றாள்.
நடித்தாளா என்று
இன்னும் தெரியவில்லை.